கண்ணாடி முகம்

1943-இல் லாஸ் ஏஞ்சல்சில் மாயா டெரென் தம் கணவர் அலெக்சாண்டர் ஹாமிடுடன் எடுத்த ‘மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்’ என்னும் படம் ஏறத்தாழ 14 நிமிடமே ஓடும். அதில் பேயில்லை, பிசாசில்லை, பிரமைதான்.

பெண்ணொருத்தி நாற்காலியில் கண்ணயர்கிறாள். கரிய உடையணிந்த உருவமொன்று சாலையில் செல்கிறது. முகமிருக்க வேண்டிய இடத்தில் கண்ணாடி! சாவி கத்தியாகிறது. ஒரே மேசையைச் சுற்றி அவளே மூவராக அமர்கிறாள். சட்டத்தின் ஒரு பகுதியை மறைத்துப் படம்பிடித்து, சுருளைப் பின்சுற்றி, எஞ்சிய பகுதியில் மீண்டும் பிடிக்கும் பழைய உத்திதான். வேடிக்கைக்குப் பயன்பட்ட அது இங்கே அச்சுறுத்துகிறது. டெரெனின் தந்தை ஒரு மனநோய் மருத்துவர் என்பதையும் நினைவிற்கொள்க.

ஆண் ஒருவன் வந்து அவளை எழுப்புகிறான். அப்பாடா, கனவுதான் என்று நாம் மூச்சு விடுகிறோம். ஆனால், அவள் கத்தியை வீச, அவன் முகமே கண்ணாடியாக உடைகிறது. அவன் மீண்டும் கதவைத் திறக்கும்போது, அவள் நாற்காலியில் உயிரற்றுக் கிடக்கிறாள்.