தள்ளிவிட்ட ஒலிகள்

பயத்தைச் சங்கீதமாக்கியவர்கள் பலர் உண்டு. அதைச் சொற்பச் செலவில் செய்து காட்டியவர்களில் முக்கியமானவர் அமெரிக்க டைரக்டர் ஜான் கார்ப்பெண்டர். 1978-ல் ‘ஹாலோவீன்’ படம் எடுத்தபோது பெரிய வாத்திய கோஷ்டியை அமர்த்த அவரிடம் பணம் இல்லை. பியானோவையும் ஸிந்தஸைஸர் என்ற மின்வாத்தியத்தையும் வைத்துக்கொண்டு தாமே இசையமைத்தார். பிரதான மெட்டு ஐந்து எண்ணிக்கையில் ஓடுகிறது. அந்தத் தாளத்தைச் சிறு வயதில் பாங்கோ கொட்டிச் சொல்லிக் கொடுத்தவர், சங்கீதப் பேராசிரியரான அவருடைய தகப்பனார். நாலுக்குப் பழகிய காது ஐந்தில் தடுமாறுகிறது. பயம் அந்த இடத்தில்தான் உள்ளே நுழைகிறது.

2010-ஐ ஒட்டிய ஆண்டுகளில் பிரான்ஸ் தேசத்து இளைஞர்கள் சிலர் இந்தப் பழைய பயத்தைத் தூசி தட்டி எடுத்தார்கள். பெர்டர்பேட்டர் என்று ஒருவர்; கார்ப்பெண்டர் ப்ரூட் என்று பெயரிலேயே குருவைச் சுமந்துகொண்டு இன்னொருவர். ‘டார்க் ஸிந்த்வேவ்’ என்பது இந்தச் சங்கீதத்தின் பெயர். தேய்ந்த நாடாவின் கரகரப்பு, பிளந்து உறுமும் அடிநாதம் எல்லாம் இதில் வேண்டுமென்றே சேர்க்கும் சரக்கு.

ஜெர்மானிய ஆராய்ச்சியாளர்கள் பெரும் பங்கு கொண்டு உருவாக்கிய எம்.பி.3 முறை 1990-களில் உலகெங்கும் பரவியது. மனிதக் காது கவனிக்காது என்று கணக்குப் போட்டு, ஒலியில் ஒரு பகுதியை அது தள்ளிவிடுகிறது. பாட்டு சிறுத்து, கம்பி வழியே சுலபமாகப் பயணம் செய்தது. நன்மைதான்; மறுக்கவில்லை. ஆனால் தள்ளியது திரும்பி வராது.

2001-ல் ஜாஷ் கோல்ஸன் என்பவர் வெளியிட்ட ஃப்ளாக் முறை வேறு ஜாதி. முந்தைய ஒலியைக் கொண்டு அடுத்ததை ஊகிக்கிறது. ஊகம் எவ்வளவு தப்பியதோ அதை மட்டும் குறித்துக்கொள்கிறது. பிரித்தால், ஸி.டி.யில் விநாடிக்கு 44,100 என்று இருந்த எண்கள் ஒன்று குறையாமல் மீள்கின்றன. இடமும் ஏறக்குறையப் பாதி மிச்சம்.

காதுக்கு வித்தியாசம் தெரிகிறதா என்று கேட்பீர்கள். நன்றாகச் செய்த எம்.பி.3 என்றால், எது எது என்று சொல்லாமல் போட்டுக் காட்டினால் பெரும்பாலோருக்கு இனம் பிரிக்க வராது. அப்படியும் நான் ஃப்ளாக்கின் கட்சி. 2008-ல் ஹாலிவுட்டில் யுனிவர்ஸல் ஸ்டூடியோ தீப்பற்றியபோது மூல ஒலிநாடாக்கள் எரிந்தன. மூலம் போனபின் நகல்தானே மூலம்? எம்.பி.3 நகலிலிருந்து மறுபடி எம்.பி.3 எடுத்தாலோ தடவைக்குத் தடவை தேயும். கரகரப்பையும் கலை என்று ஒருவன் உழைத்துச் சேர்த்திருக்கிறான். அதில் எது வேண்டாதது என்று கணக்கப்பிள்ளையா தீர்மானிப்பது? நம் பேரப்பிள்ளைகளின் காதில் எது விழும் என்று இன்றைக்கே நாம் முடிவு கட்ட வேண்டாம்.