பால்வாடியில் பால் எங்கே?

நம்மூர்ப் பக்கம் யாரும் "அங்கன்வாடி" என்று சொல்வதில்லை. பால்வாடிதான். பால்வாடி டீச்சர், பால்வாடி ஆயா, "பால்வாடிக்குப் போற வயசுல என்ன பேச்சு பேசுது பாரு". பாலும் சத்துமாவும் கொடுக்கிற இடம், அதனால் பால்வாடி என்று விளக்கம் சொல்பவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். மும்பைக்கு வந்து நாலு வார்த்தை மராத்தி பழகினால் அந்த விளக்கம் அடிபட்டுப் போகும். :-) இங்கே "பால்" என்றால் குழந்தை. "வாடி" என்றால் தோப்பு, இல்லையென்றால் சின்னக் குடியிருப்பு. டஹாணு பக்கம் போனால் சப்போட்டாத் தோப்பைச் "சிக்கு வாடி" என்பார்கள். ஆக, பால்வாடி என்றால் குழந்தைகளின் தோட்டம். "அங்கன்" என்றால் முற்றம். அங்கன்வாடி என்பது வீட்டு முற்றத்துக்கே வந்து சேர்ந்த பால்வாடி.

பள்ளிக்கூடம் ஏன் முற்றத்துக்கு வந்தது? அதைப் பற்றித்தான் இந்தப் பதிவு.

எங்கள் குடியிருப்பில் தமிழ்க் குடும்பங்கள் பத்துப் பன்னிரண்டு இருக்கின்றன. அநேகமாக எல்லோர் வீட்டிலும் பிளேஸ்கூல் போகிற வயதில் ஒரு வாண்டு. ஞாயிற்றுக்கிழமை கீழே நாலு பேர் கூடினால் பேச்சு டிபன் பாக்ஸில்தான் போய் நிற்கும். பள்ளியிலிருந்து பட்டியல் வருகிறது: திங்கள் பழம், செவ்வாய் முளைகட்டிய பயறு, பிஸ்கட் கூடாது, சிப்ஸ் கூடாது. "நாங்க காசு கட்றோம், நல்லதைச் சாப்பிடச் சொல்லிக்கொடுக்க வேண்டியது அவங்க வேலை" என்கிறது ஒரு கட்சி. "வீட்ல பழக்காததை டீச்சர் எப்படிப் பழக்குவாங்க?" என்கிறது இன்னொரு கட்சி. இந்தச் சண்டைக்கு வயது நூறுக்கு மேல் என்பது இரண்டு கட்சிக்கும் தெரியாது.

1907 ஜனவரி 6. ரோம் நகரத்தில் சான் லொரென்ஸோ என்ற ஏழைகள் குடியிருப்பு. அங்கேயே ஓர் அறையில் மரியா மாண்டிசோரி தன் முதல் "குழந்தைகள் இல்லத்தை" ஆரம்பித்தார். அதன் விதிமுறைகளைப் படித்தால் ஆச்சரியமாக இருக்கும். பிள்ளைகளைக் குளிப்பாட்டிச் சுத்தமான துணியோடு அனுப்ப வேண்டும். வாரம் ஒரு முறையாவது தாய் வந்து ஆசிரியையோடு பேச வேண்டும். அவருடைய முறையை விளக்கும் புத்தகத்தில் குழந்தைகளின் சாப்பாட்டுக்கென்றே ஓர் அத்தியாயம் இருக்கிறது. மேஜையைத் தயார் செய்வது, சூப்பைச் சிந்தாமல் கொண்டுவந்து பரிமாறுவது எல்லாமே அங்கே பாடம்.

அந்த யோசனை இந்தியாவுக்கு வந்தது மாண்டிசோரி வருவதற்கு வெகு காலம் முன்பே. (அவர் சென்னை அடையாறுக்கு வந்தது 1939-ல்.) குஜராத்தின் பாவ்நகரில் கிஜுபாய் பதேகா என்று ஒரு வக்கீல். கோர்ட்டை விட்டுவிட்டு 1920-ல் தட்சிணாமூர்த்தி பாலமந்திரைத் தொடங்கினார். ஊரில் அவருக்குப் பட்டப்பெயர் "மீசை வைத்த அம்மா"! பிள்ளைகளுக்குக் கதை எழுதிய கையோடு பெற்றோருக்கும் நிறைய எழுதினார். அவரோடு போய்ச் சேர்ந்தவர் மும்பையில் பிறந்த தாராபாய் மோடக். நம் கதையின் நாயகி இவர்தான்.

பட்டணத்து மத்தியதர வர்க்கத்துப் பிள்ளைகளுக்கு மட்டும் பாலமந்திர் நடத்தினால் போதுமா என்ற கேள்வி தாராபாயை விடவில்லை. 1945-ல் மும்பைக்கு வடக்கே, குஜராத் எல்லையை ஒட்டிய போர்டி என்ற கடலோர ஊரில் பால்வாடி ஆரம்பித்தார். கூட வந்தவர் அனுதாயி வாக். (மராத்தியில் "தாயி" என்றால் அக்கா. நம்ம தாய் இல்லை.) அனுதாயிக்குப் பதிமூன்று வயதில் கல்யாணம், ஆறே மாதத்தில் கணவர் இறந்துவிட்டார். அந்தக் காலத்தில் அப்படிப்பட்ட பெண்ணுக்கு மூலையில் உட்காருவதுதான் விதி. அவரோ படித்து ஆசிரியை ஆனார்.

பால்வாடி திறந்தாயிற்று. ஆனால் யாருக்காகத் திறந்தார்களோ, அந்த ஒதுக்கப்பட்ட மக்களின் குடியிருப்பிலிருந்து பிள்ளைகள் வரவில்லை. அம்மாவும் அப்பாவும் விடியும்போதே வேலைக்குப் போய்விடுவார்கள். நாலு வயதுப் பிள்ளையைக் குளிப்பாட்டி, சாப்பாடு கொடுத்து, கைபிடித்துக் கூட்டிவர வீட்டில் யார் இருக்கிறார்கள்? ரோமாபுரி விதிமுறை இங்கே செல்லுபடியாகாது. தாராபாய் என்ன செய்தார்? பிள்ளை பள்ளிக்கு வராவிட்டால் பள்ளி பிள்ளையிடம் போகட்டும் என்று அவர்களுடைய வீட்டு முற்றத்திலேயே போய் உட்கார்ந்துவிட்டார். அங்கன்வாடி பிறந்தது அப்படித்தான்.

1957-ல் இருவரும் டஹாணு பக்கத்தில் உள்ள கோஸ்பாட் என்ற குன்றுக்குப் போனார்கள். வார்லி ஆதிவாசிகள் வாழும் பகுதி. அங்கே பிள்ளைகள் மாடு மேய்க்கப் போனதால் மேய்ச்சல் நிலத்திலேயே பள்ளி நடந்தது. அக்கா பள்ளிக்கு வர வேண்டுமானால் இடுப்பில் இருக்கும் தம்பிக்கு இடம் வேண்டும் என்று தொட்டில் பிள்ளைகளின் காப்பகம், பால்வாடி, ஆரம்பப் பள்ளி மூன்றையும் ஒரே இடத்தில் வைத்தார்கள். விலை உயர்ந்த மாண்டிசோரி சாதனங்களுக்குப் பதில் கூழாங்கல், சிப்பி, இலை, விதை.

ஆபீஸ் வேலையாக வாபி போகும்போதெல்லாம் இந்த ஊர்களை ரயில் ஜன்னல் வழியாகப் பார்ப்பேன். சப்போட்டாத் தோப்புகளுக்கு நடுவே அமைதியான ஊர்கள். நாடு முழுவதும் இன்றைக்குச் சொல்லும் ஒரு சொல் இங்கே பிறந்தது என்பதற்கு ரயிலிலிருந்து எந்த அடையாளமும் தெரியாது.

டெல்லியில் 1969-ல் மீரா மகாதேவன் செய்ததையும் இங்கே சொல்லியாக வேண்டும். காந்தி நூற்றாண்டுக்காகக் கட்டட வேலை நடந்துகொண்டிருந்த இடத்தில், செங்கல் சுமக்கும் பெண்களின் பிள்ளைகள் வெயிலில் கிடப்பதைப் பார்த்து ஒரு கூடாரத்தில் காப்பகம் ஆரம்பித்தார். மொபைல் கிரெஷஸ் அமைப்பு அப்படித்தான் உருவானது. வேலை முடிந்து தொழிலாளர்கள் அடுத்த இடத்துக்குப் போனால் காப்பகமும் கூடவே போகும். குழந்தைக்கு என்ன கொடுக்கலாம் என்று தாயிடம் பேசுவதற்கு முன்னால், அந்தத் தாய் நிம்மதியாக வேலை பார்க்க வழி செய்தார்கள். வரிசை முக்கியம்.

1975 அக்டோபர் 2-ஆம் தேதி மத்திய அரசு ஒருங்கிணைந்த குழந்தை வளர்ச்சித் திட்டத்தை 33 வட்டாரங்களில் தொடங்கியது. நாம் இன்றைக்குப் பார்க்கும் அங்கன்வாடி இதுதான். அதில் ஆறு சேவைகள்: துணை உணவு, தடுப்பூசி, உடல் பரிசோதனை, மேல்சிகிச்சைக்கு அனுப்புவது, முன்பருவக் கல்வி, ஊட்டச்சத்து மற்றும் சுகாதாரக் கல்வி. கடைசியாகச் சொன்னது தாய்மார்களுக்கானது. காகிதத்தில் தாராபாயின் முற்றம் அப்படியே இருந்தது. நடைமுறையில்? ஒரே அங்கன்வாடி ஊழியர் எடை பார்க்க வேண்டும், பாட்டு சொல்லித்தர வேண்டும், பதிவேடுகளை நிரப்ப வேண்டும். அவருக்குக் கிடைப்பதோ சம்பளம் இல்லை, மதிப்பூதியம். எதை விடுவார்? யாரும் வந்து எண்ணிப் பார்க்காத வேலையைத்தான் விடுவார். சோற்றை எண்ணலாம், முட்டையை எண்ணலாம். ஒரு தாயோடு உட்கார்ந்து பேசிய அரை மணி நேரத்தை எந்தப் பதிவேட்டில் எழுதுவது?

நம் தமிழ்நாட்டில் இதே கேள்விக்கு ஒரே சமயத்தில் இரண்டு பதில்கள் கிடைத்தன. பலர் கவனிக்காத விஷயம் இது. 1980-ல் உலக வங்கிக் கடனுதவியோடு தமிழ்நாடு ஒருங்கிணைந்த ஊட்டச்சத்துத் திட்டம் வந்தது. ஆறு மாதம் முதல் மூன்று வயது வரையுள்ள பிள்ளைகளை மாதாமாதம் எடை பார்ப்பார்கள். எடை ஏறாத பிள்ளைக்கு மட்டும் சத்துமாவு உருண்டை, அதுவும் சுமார் 90 நாளைக்கு. எடை தேறினால் உருண்டை நின்றுவிடும். மிச்சத்தை வீட்டில் தாய் பார்த்துக்கொள்ள வேண்டும், அதற்காக எடை அட்டையைக் காட்டி அவருக்கு விளக்குவார்கள். இரண்டே வருடத்தில், 1982 ஜூலை 1-ஆம் தேதி எம்.ஜி.ஆர். சத்துணவுத் திட்டத்தைக் கொண்டுவந்தார். கிராமங்களில் இரண்டு வயதுப் பிள்ளையிலிருந்து எல்லோருக்கும் மதியச் சோறு. எடை, அட்டை, கணக்கு எதுவும் கேட்காமல் தட்டில் சோறு.

பொருளாதார நிபுணர்கள் பலருக்கு முதலாவது பிடித்தது, இரண்டாவது வீண்செலவாகத் தெரிந்தது. ஊரில் வளர்ந்தவன் என்ற முறையில் எனக்கு இரண்டும் வேண்டும். பசியோடு இருக்கும் பிள்ளைக்குக் காய்கறிப் படத்தைக் காட்டிப் பாடம் நடத்துவது பாவம். அதே சமயம், பள்ளித் தட்டு ஒரு வேளைக்குத்தான். மீதி வேளைகள் வீட்டில்தான். எடை பார்த்த திட்டத்தில் கடுமையான ஊட்டக்குறைவு கணிசமாகக் குறைந்ததாக மதிப்பீடுகள் சொன்னதற்குத் தாய்மார்களின் பங்கு ஒரு முக்கியக் காரணம். அந்தத் திட்டத்தில் தாய் வெறும் பார்வையாளர் இல்லை.

பிறகு உச்ச நீதிமன்றம். உணவு உரிமை வழக்கில் 2001 நவம்பர் 28-ல் வந்த உத்தரவு அங்கன்வாடி உணவைச் சட்டப்படியான உரிமையாக்கியது. 2004 அக்டோபரில், அங்கன்வாடி உணவு வழங்குவதற்குக் கான்டிராக்டர்களை வைக்கக்கூடாது, கிராமத்துப் பெண்கள் குழுக்களைப் பயன்படுத்துங்கள் என்றது. இது ஊழலைத் தடுக்க மட்டும் என்று நினைக்காதீர்கள். பக்கத்து வீட்டு அக்கா சமைத்தால் அது பிள்ளைக்குப் பழகிய ருசி. அம்மாவுக்கும் உள்ளே என்ன போடுகிறார்கள் என்று தெரியும், வேண்டுமென்றால் கேட்கவும் முடியும். பொட்டலத்தில் வரும் மாவோடு யார் பேசுவது? 2007-ல் பள்ளி மதிய உணவுக்குப் பதிலாக பிஸ்கட் கொடுக்கலாம் என்று பிஸ்கட் தயாரிப்பாளர்கள் எம்.பி.க்களுக்குக் கடிதம் எழுதிய கூத்தும் நடந்தது. நல்லவேளை, அது நடக்கவில்லை.

2018 மார்ச் 8-ல் தொடங்கிய போஷண் அபியான், செப்டம்பர் மாதத்தை ஊட்டச்சத்து மாதமாகக் கொண்டாடுவது, 2023 மே மாதம் வந்த "போஷணும் படிப்பும்" திட்டம் எல்லாமே சுற்றிச் சுற்றி அதே முற்றத்துக்குத்தான் வருகின்றன. குடும்பத்தைக் கூட்டிக்கொள்ளாமல் குழந்தையின் நாக்கைப் பழக்க முடியாது.

சரி, நம்ம கதைக்கு வருவோம். ஊரை விட்டு வந்த நமக்கு இதில் ஒரு தனிச் சிக்கல் உண்டு. முற்றமும் இல்லை, பாட்டியும் இல்லை. நிலாவைக் காட்டி ஊட்ட வேண்டியவர் மாலை ஏழு மணிக்குப் போன் திரையில் வருகிறார். இரண்டு பேரும் வேலைக்குப் போகிற வீட்டில் காலை ஏழரைக்கு டிபன் பாக்ஸ் நிரம்பினாலே பெரிய சாதனை. இதில் பள்ளி அனுப்பும் பட்டியல் மராத்தி, குஜராத்தி வீட்டுச் சமையலை மனதில் வைத்து எழுதியது. நம் பிள்ளை கொண்டுபோகும் சாப்பாடு வகுப்பில் விநோதப் பொருள்.

என் மகளுக்கு அப்போது நாலு வயது. டம்ளரில் கொடுத்தனுப்பிய கேழ்வரகுக் கஞ்சியைப் பார்த்துப் பக்கத்துச் சீட்டுப் பையன் "மண்ணு" என்றுவிட்டான். அன்றோடு கஞ்சி நின்றது. தங்கமணி போய் டீச்சரிடம் சொன்னார், புகாராக இல்லை, செய்தியாக. அந்த அம்மா மூடியைத் திறந்து பார்த்துவிட்டு, "அரே, இது நம்ம நாச்சணி!" என்று சிரித்தாராம். மராத்தியில் கேழ்வரகுக்கு நாச்சணி என்று பெயர். இங்கே மலைப்பகுதியில் காலம் காலமாக விளைவதுதான். அடுத்த மாதத்திலிருந்து வெள்ளிக்கிழமைதோறும் ஒரு பெற்றோர் வந்து தங்கள் வீட்டுப் பண்டம் ஒன்றைப் பிள்ளைகளோடு சேர்ந்து செய்து காட்ட வேண்டும் என்று ஏற்பாடு செய்தார். எங்கள் முறைக்கு நான் போய்ச் சுண்டல் செய்தேன். தேங்காய்த் துருவலைத் தூவியது பூராவும் வாண்டுகள்தான். பாதி தரையில். :-) மண்ணு என்று சொன்ன அந்தப் பையன் இரண்டு முறை வாங்கிச் சாப்பிட்டான். மகள் கஞ்சியைத் திரும்பக் கேட்க இன்னும் மூன்று வாரம் ஆனது. கேட்டாள்.

எங்கள் வீட்டில் வேலை செய்யும் தாயியின் மகன் பக்கத்து அங்கன்வாடிக்குப் போகிறான். அங்கே தரும் பயறு உசளை வீட்டிலும் கேட்கிறான் என்று அவர் சலித்துக்கொண்டே பெருமைப்பட்டார். "ஆனா எப்பச் செய்யறது? நாலு வீட்டு வேலை முடிச்சுப் போகவே ராத்திரி ஆயிடுதே" என்றார். 1945-ல் போர்டியில் தாராபாய் பார்த்த அதே கஷ்டம், எங்கள் சமையலறையில் நின்று பேசியது. இப்போது அவர் வாரம் இரண்டு நாள் ஒரு மணி நேரம் முன்னதாகக் கிளம்புகிறார். சம்பளத்தில் பிடித்தம் கிடையாது.

அதனால் ஞாயிற்றுக்கிழமைச் சண்டையில் நான் எந்தக் கட்சி என்று கேட்டால், இரண்டும் இல்லை. டீச்சரின் வேலையா, வீட்டின் வேலையா என்று பிரித்த இடத்திலெல்லாம் பிள்ளை நடுவில் மாட்டிக்கொண்டிருக்கிறது. உங்கள் பிள்ளையின் பள்ளியிலிருந்து அடுத்த பட்டியல் வந்தால் அப்படியே ஒட்டிவைக்காதீர்கள். ஒருநாள் அரை மணி நேரம் லீவு போட்டுவிட்டுப் போய், எங்கள் வீட்டில் இதெல்லாம் சாப்பிடுவோம் என்று சொல்லிவிட்டு வாருங்கள். கேழ்வரகுக்கு அந்த ஊரில் என்ன பெயர் என்று கேட்டுவிட்டும் வாருங்கள்.