மலாயா கண்ட ஊமைத் திரௌபதி

விராட மன்னனின் சபை. கணவன் கண்ணெதிரே மனைவியை ஒருவன் எட்டி உதைக்கிறான். கணவன் அசையவில்லை. மகாபாரதம் கேட்டவர்கள் எல்லாருக்கும் தெரிந்த இடம்தான். தருமர் ஏன் பொறுத்தார்? அது அஞ்ஞாதவாச ஆண்டு. அடையாளம் தெரிந்துவிட்டால் மறுபடியும் 12 ஆண்டுகள் வனவாசம். ஒருபக்கம் கொடுத்த வாக்கு, மறுபக்கம் கைப்பிடித்த மனைவி.

தென்னிந்தியாவின் முதல் கதைப்படத்துக்கு ஆர். நடராஜ முதலியார் எடுத்துக்கொண்டது இந்தக் கதையைத்தான். வேலூர்க்காரர், மோட்டார் உதிரிப்பாக வியாபாரி. புனேயில் ஸ்டூவர்ட் ஸ்மித் என்பவரிடம் கேமரா பழகி, சென்னை கீழ்ப்பாக்கத்தில் ஸ்டூடியோ அமைத்தார். 35 நாள்களில் 'கீசக வதம்' தயாரானது. வெளியான ஆண்டு 1917 என்றும் 1918 என்றும் சொல்வார்கள்.

ஊமைப் படமாயிற்றே, வசனம்? ஆங்கிலம், தமிழ், இந்தியில் எழுத்து அட்டைகள் இடையிடையே வரும். படிக்கத் தெரியாத தமிழனுக்கு அந்த அட்டையும் வேண்டியதில்லை. கூத்தில் விடிய விடியப் பார்த்த கதை. ஜப்பானில் இதற்கென்றே 'பென்ஷி' என்ற கதைசொல்லி திரைக்குப் பக்கத்தில் நின்று பேசுவார். அங்கே மிசோகுச்சி 1933இல் எடுத்த 'தாகி நோ ஷிராயிதோ' ஊமைப் படத்தில், தன்னைப் படிக்க வைத்த காதலியின் கொலை வழக்கிலேயே அரசு வழக்கறிஞனாக நிற்கிறான் நாயகன். தருமரின் சங்கடம்தான், உடை வேறு.

'கீசக வதம்' பர்மா, இலங்கை, சிங்கப்பூர் மட்டுமல்ல, கோலாலம்பூரைத் தலைநகராகக் கொண்டிருந்த கூட்டு மலாய் மாநிலங்களுக்கும் வந்தது. பிரிக்பீல்ட்ஸில் ரயில்வே வேலை, கிள்ளான் சுற்றுவட்டாரத்தில் ரப்பர் தோட்டம் என்று தமிழர்கள் குடியேறியிருந்த காலம் அது. குடும்பத்துக்குச் சோறு போடவே குடும்பத்தை ஊரில் விட்டுக் கப்பலேறியவர்கள் அவர்களில் ஏராளம். தருமரின் பொறுமை என்ன விலை என்று அவர்களுக்கு யாரும் அட்டை எழுதிக் காட்ட வேண்டியதில்லை.

ஆனால், காசு கொடுத்தவர்கள் பார்க்க விரும்பியது வீமனைத்தான் என்பதில் சந்தேகமில்லை. தலைப்பைப் பாருங்கள்: தருமரின் பொறுமையல்ல, கீசகனின் வதம்! ரகசியம் உடைந்தாலும் உடையட்டும் என்று இரவோடு இரவாக நடனசாலையில் கணக்குத் தீர்த்தவன் வீமன். அந்தக் கொலைச் செய்தியை வைத்தே துரியோதனன் பாண்டவர்களின் இருப்பிடத்தை ஊகித்தான். நல்லவேளை, அதற்குள் கெடு முடிந்துவிட்டது.

முதலியார் போட்ட முதல் 35,000 ரூபாய். வசூல் 50,000. மேலும் சில புராணப் படங்களை எடுத்தார். பிறகு ஸ்டூடியோ தீக்கிரையானது, மகனும் இறந்தார். 1923இல் திரையுலகை விட்டே விலகிவிட்டார். மலாயாவரை வந்த அந்தப் படத்தின் ஒரு பிரதிகூட இன்று எங்கும் கிடைக்கவில்லை.