பொன்மலை அனுப்பிய சட்டமன்ற உறுப்பினர்

1946-ஆம் ஆண்டு பிப்ரவரி 18-ஆம் நாள், பம்பாய் ‘தல்வார்’ கடற்படைப் பயிற்சி நிலையத்து மாலுமிகள் மோசமான உணவையும் அதிகாரிகளின் இழிசொற்களையும் பொறாது வேலைநிறுத்தத்தில் இறங்கினர். எழுபதுக்கு மேற்பட்ட கப்பல்களுக்குப் பரவிய அக்கிளர்ச்சி, தலைவர்களின் அறிவுரைப்படி 23-ஆம் நாள் அடங்கிற்று. கடலில் அலை எழுந்த அதே ஆண்டில், காவிரிக்கு இக்கரையில் நம் பொன்மலையும் கொந்தளித்தது.

நாகப்பட்டினத்திலிருந்து இங்கு வந்தமைந்த ரயில்வே தொழிற்சாலை, 1928 முதல் எத்தனையோ குடும்பங்களுக்குச் சோறிட்டது என்பதைப் பெரியோர் அறிவர். அந்த ரயில்வே தொழிலாளரிடையே உழைத்த கே. அனந்தன் நம்பியார், 1946-இல் ரயில்வே தொழிற்சங்கத் தொகுதியிலிருந்து சென்னைச் சட்டமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அவ்வாண்டு செப்டம்பர் 5-ஆம் நாள், வேலைநிறுத்தம் செய்த தொழிலாளர் மீது மலபார் விசேஷப் போலீசார் சுட்டதில் ஐவர் மாண்டனர். பொன்மலைச் சங்கத்திடல் அந்நாளின் சாட்சியாக விளங்குகிறது.

கம்யூனிஸ்டான நம்பியார் பின்னர் விசாரணையின்றிக் காவலில் வைக்கப்பட்டார். மக்கள் தேர்ந்தெடுத்த உறுப்பினரைச் சிறையில் பூட்டினால், அம்மக்களின் குரல் என்னாவது? இதுவே சென்னை உயர்நீதிமன்றத்தில் அவர் தொடுத்த வழக்கு. தடுப்புக் காவலிலிருந்து உறுப்பினருக்கு விலக்கு இல்லை என்றது நீதிமன்றம். ஆயினும், சிறையிலிருந்து அவர் சபாநாயகருக்கு எழுதும் கடிதத்தை எந்த அதிகாரியும் தடுத்து வைத்தல் ஆகாது என்றும் தீர்ப்பளித்தது. கேட்டது முழுவதும் கிட்டவில்லை. கிட்டியதோ பின்வந்த உறுப்பினர் அனைவருக்கும் உரிமையாயிற்று.

1952 தேர்தலில் மாயூரத்திலிருந்தும், 1962, 1967 தேர்தல்களில் திருச்சியிலிருந்தும் அவர் நாடாளுமன்றம் சென்றார். 1964 டிசம்பரில், புதுக்கோட்டை உறுப்பினர் ஆர். உமாநாத்துடன் மீண்டும் காவலில் வைக்கப்பட்டார். அதே வினாவை உச்சநீதிமன்றம் வரை கொண்டு சென்றார்; 1965-இலும் விலக்கு இல்லை என்ற விடையே வந்தது.

அவருடைய கொள்கையை ஏற்பாரும் உண்டு, மறுப்பாரும் உண்டு. ஆனால் தம்மை அனுப்பிய மக்களுக்காகச் சிறையிலும் எழுதுகோலைக் கீழே வையாத உறுதி எல்லார்க்கும் பொது. பட்டறைச் சங்கொலி கேட்டு வளர்ந்த நம் பிள்ளைகளுக்கு இவ்வரலாற்றை எடுத்துச் சொல்வது நம் கடமையன்றோ!