பார்பரிக் கரை: இரவல் பெயர்

சான் பிரான்சிஸ்கோவில், நடைபாதையில் பதித்த வெண்கல வில்லைகளைத் தொடர்ந்து நடப்போர் பழைய ‘பார்பரிக் கரை’யை அடைகின்றனர். 1848இல் கலிபோர்னியாவில் பொன் கிடைத்ததும் மாலுமிகள் கப்பல்களைக் கைவிட்டு ஓடினர். அவற்றுள் நையான்டிக் விடுதியாயிற்று. 1978இல் அஸ்திவாரம் தோண்டுகையில் அதன் அடிப்பாகம் வெளிப்பட்டது. 1851, 1856 ஆண்டுகளில், சட்டத்தைத் தம் கையிலெடுத்த குடிமக்கள் குழுவினர் எண்மரைத் தூக்கிலிட்டனர். மதுவில் மயக்கிய ஆடவரைக் கப்பல்களுக்கு விற்றனர் விடுதிக்காரர்கள்.

இக்கேட்டுக்குச் சூட்டப்பட்டதோ வட ஆப்பிரிக்க முஸ்லிம் கடற்கரையின் பெயர்! அல்ஜியர்ஸ் கடற்கொள்ளையர் மனிதரைச் சிறைபிடித்தது மெய்யே. மால்டாவின் கிறிஸ்தவ வீரர்களும் முஸ்லிம்களைப் பிடித்து அடிமைகளாக விற்றனரே! அதை ஏனோ நாவிகர் மறந்தனர். 1917இல் காவல்துறை விபசார விடுதிகளை மூடிற்று. பெயர் நடைவழிக்கு நிலைத்துவிட்டது.