பர்க்கில், ஐசக் ஹென்றி

பர்க்கில், ஐசக் ஹென்றி (1870–1965): புராதன மக்கள் காட்டுத் தாவரங்களைத் தங்கள் ஆகாரத்துக்கும் ஔஷதத்துக்கும் உரியனவாக்கிக்கொண்ட சரித்திரத்தை ஆயுள் முழுதும் ஆராய்ந்த ஆங்கிலேயத் தாவர சாஸ்திரி. கேம்பிரிட்ஜில் பயின்று, கியூ தோட்டத்தில் உத்தியோகம் பார்த்து, 1901இல் கல்கத்தா வந்து விளைபொருள் ஆய்வாளர் ஜார்ஜ் வாட்டுடன் பணிபுரிந்தார். 1912 முதல் 1925 வரை சிங்கப்பூர்த் தாவரத் தோட்டத்தின் தலைவராக இருந்தார்.

யாழ்ப்பாணத்தார் இராசவள்ளி என்று வழங்கும் பெருவள்ளியே அவருடைய நெடுங்காலப் பிரீதிக்குரிய தாவரம். அதற்குக் காட்டில் மூலவடிவம் காணப்படாமையால், ஆழத்தில் புதைந்திருக்கும் காட்டுக் கிழங்குகளுள் தோண்டுதற்கு எளியவற்றையே தலைமுறை தலைமுறையாகத் தெரிந்து நட்ட மனிதக் கரங்களே தென்கிழக்காசியாவில் அதை உருவாக்கின என்பது அவர் துணிபு. தாவர சாஸ்திரி டேவிட் பிரெயினுடன் கீழ்த்திசை வள்ளியினங்களைப் பற்றி அவர் எழுதிய பெருநூல் 1936 முதல் 1939 வரை வெளிவந்தது.

ஓய்வு பெற்ற பின் பத்தாண்டு உழைத்து அவர் 1935இல் வெளியிட்ட மலாயாப் பொருளாதார விளைபொருள் அகராதி இரண்டு பாகங்களில் ஏறத்தாழ 2,400 பக்கம் கொண்டது. அடுத்த ஆண்டே தொல்பொருள் ஆய்வாளர் குவாரிச் வேல்ஸ் கெடாவில் ஜெராய் மலையடிவாரத்துப் பூஜாங் பள்ளத்தாக்கில் பழைய கோயில் அடித்தளங்களை அகழத் தொடங்கினார். கடாரம் என்று அறிஞர் பலர் கொள்ளும் அப்பிரதேசத்துக்கும் இந்தியாவுக்கும் இருந்த பழந்தொடர்புகளுக்குக் கல்லும் செங்கலும் மட்டுமே சாட்சி என்று நினைப்பது குறையுடைய பார்வை. பஞ்சைக் 'காப்பாஸ்' என்றும், சந்தனத்தைச் 'செண்டானா' என்றும், முருங்கையை 'மெருங்கை' என்றும் மலாய்க்காரர் இன்றும் சொல்வது அவ்வளவே பழுத்த சாட்சியன்றோ? பர்க்கில் மண்ணைத் தோண்டியவரல்லர். ஒரு தாவரத்தின் பெயர், பயன், அது வந்த வழி ஆகிய மூன்றையும் ஒருங்கே வைத்து ஆராய்ந்தமையே அவருடைய பெருமை. பினாங்கு முகமது ஹனிபுடன் சேர்ந்து கிராம வைத்தியரின் மருந்துகளைத் தொகுத்து 1930இல் வெளியிட்டதும் அம்முறையின் பயனே.

சுங்கை பட்டாணி, பீடோங் வட்டாரத்துத் தோட்டங்களில் நம் பாட்டிமார் துவையலுக்குப் பறித்த வல்லாரையை அண்டை மலாய்க் கம்பத்தார் 'பெகாகா' என்று பறித்து உண்டனர். ரப்பர் போய்ச் செம்பனை வந்து, லயங்கள் கலைந்து வரும் இந்நாளில், பர்க்கில் காட்டிய வழியில், அப்பெயர்களையும் பக்குவங்களையும் அறிந்த முதியோர் இருக்கும்போதே அவர்களிடம் கேட்டு எழுதிவைக்கக் கெடாத் தமிழிளைஞர் முன்வருதல் வேண்டும்.