நாரெதிஸ்டிரோன் வந்த வழி

ஆடித்தபசுக்குக் கொடியேறிவிட்டால் சங்கரன்கோவிலில் என் மெடிக்கல் கடைக்கு வரும் பெண்கள் ஒரு மாத்திரையைக் குரல் தாழ்த்திக் கேட்பார்கள். "அக்கா, தள்ளிப்போடுற மாத்திரை ஒரு அட்டை." கோயில் கொடை, முகூர்த்த மாதம், வீட்டில் விசேஷம் என்றாலும் இதே கதைதான். டாக்டர் சீட்டு இருக்கிறதா, காலில் ரத்தம் கட்டியதுண்டா, மஞ்சள் காமாலை வந்ததுண்டா என்று நான் கேட்டுவிட்டுத்தான் எடுப்பேன். சிலருக்கு அது பிடிக்காது. இருந்தாலும் கேட்பேன், ஏனென்றால் அது ஒரு ஹார்மோன்.

அட்டையில் கம்பெனி வைத்த பெயர் பெரிய எழுத்தில் இருக்கும். ப்ரிமோலூட்-என் என்றால் இங்கே எல்லோருக்கும் தெரியும். அதற்கடியில் பொடி எழுத்தில் இருக்கும் நாரெதிஸ்டிரோன் 5 மி.கி. என்பதை யாரும் வாசிப்பதில்லை. அந்தப் பொடி எழுத்தைப் பற்றித்தான் எழுதப் போகிறேன்.

எங்கள் பக்கம் பெயருக்கு முன்னால் ஊரும் அப்பா பேரும் இனிஷியலாக நிற்பதைப் போல, ஸ்டீராய்டுகளின் பெயரிலும் வம்சம் நிற்கும். கடைசியில் வரும் 'ஸ்டிரோன்' ஆண் ஹார்மோனான டெஸ்டோஸ்டிரோனின் வால். நடுவில் இருக்கும் 'எதி' என்பது எதைனில். ஸ்டீராய்டின் கார்பன் கூட்டில் 17ஆம் இடத்தில் ஒட்டவைத்த இரண்டு கார்பன் கொண்ட ஒரு துண்டு. முன்னால் நிற்கும் 'நார்', ஒரு கார்பன் கழிக்கப்பட்டிருக்கிறது என்பதற்கு அடையாளம். இங்கே கழிந்தது 19ஆம் கார்பன். ஆக, பெண்கள் சாப்பிடும் இந்த மாத்திரையின் எலும்புக்கூடு ஆண் ஹார்மோனுடையது. ஒன்றைக் கழித்து ஒன்றைச் சேர்த்ததும், கர்ப்பப்பையின் உள்சவ்வைத் தாங்கி நிறுத்தும் புரொஜெஸ்டிரோனின் வேலையை அது செய்கிறது. மாத்திரையைச் சாப்பிடும்வரை அந்தச் சவ்வு உதிராது. நிறுத்தினால் இரண்டு மூன்று நாளில் தீட்டு வந்துவிடும்.

அமெரிக்காவில் இதே சரக்குக்கு நாரெதின்ட்ரோன் என்று பெயர். அங்கே வேலை பார்க்கும் மகளுக்காக ஓர் அம்மா என்னிடம் வந்து, "அந்தப் பேர்ல மருந்தே கிடையாதுன்னுட்டாங்களாம்" என்று கவலைப்பட்டார். அமெரிக்கப் பெயரை ஒரு தாளில் எழுதிக் கொடுத்தேன். இந்த மாதிரிக் குழப்பம் தீரத்தான் உலக சுகாதார நிறுவனம் மருந்துகளுக்குப் பொதுப்பெயர் வைக்கும் ஏற்பாட்டை 1950இல் தீர்மானித்து, 1953இல் முதல் பட்டியலை வெளியிட்டது. எந்தக் கம்பெனிக்கும் சொந்தமில்லாத பெயர். வாலைப் பார்த்தே இனம் தெரிந்துவிடும். நல்ல ஏற்பாடு என்பதே என் எண்ணம். ஆனால் அதில் ஊர் இனிஷியலுக்கு இடம் வைக்கவில்லை. இந்த மருந்தின் ஊர் மெக்சிகோ.

கதை ஒரு கிழங்கில் தொடங்குகிறது. ரஸ்ஸல் மார்க்கர் என்ற அமெரிக்க வேதியியலாளர் பென்சில்வேனியா அரசுக் கல்லூரியில் இருந்தபோது, செடிகளில் கிடைக்கும் டயோஸ்ஜெனின் என்ற பொருளைப் படிப்படியாக உடைத்துப் புரொஜெஸ்டிரோன் ஆக்கும் வழியைக் கண்டுபிடித்தார். அந்தக் காலத்தில் புரொஜெஸ்டிரோன் ஒரு கிராம் 80 டாலர் விற்றது. வழி கிடைத்தாயிற்று, டயோஸ்ஜெனின் மூட்டை மூட்டையாக வேண்டுமே. ஒரு தாவரவியல் புத்தகத்தில், மெக்சிகோவின் வெராகுரூஸ் மாநிலத்தில் ஓடைக்கரை ஒன்றில் வளர்ந்த மிகப்பெரிய கிழங்கின் படத்தை அவர் பார்த்தார். அது டயோஸ்கோரியா இனம். பொங்கலுக்கு நெல்லைச் சந்தைக்கு வரும் சிறுவள்ளிக் கிழங்கும் அதே இனந்தான். ஆனால் மெக்சிகோக் கிழங்கு சமையலுக்கு ஆகாது. உள்ளூரில் அதற்கு 'கபேசா தெ நெக்ரோ' என்று பெயர்.

1942 ஜனவரியில், உலகப் போருக்கு நடுவே, ஸ்பானிஷ் தெரியாமலே மார்க்கர் அங்கே போய் இறங்கினார். ஒரிசாபாவுக்கும் கோர்தோபாவுக்கும் இடையே சின்னக் கடை வைத்திருந்த ஆல்பர்ட்டோ மொரெனோ என்பவர் அவருக்கு இரண்டு கிழங்குகளைப் பிடுங்கிச் சாக்கில் கட்டிக் கொடுத்தார். பஸ்ஸின் கூரையில் போட்ட சாக்குகள் காணாமல் போயின. போலீஸ்காரர் ஒருவருக்குக் காசு கொடுத்த பிறகு ஒன்று மட்டும் திரும்பி வந்தது. அந்த ஒரு கிழங்கை வைத்துத்தான் வேலை நடந்தது.

இதைத் தொழிலாக்கச் சொல்லி மார்க்கர் பார்க்-டேவிஸ் கம்பெனியிடம் போனார். மெக்சிகோவில் தொழிற்சாலையா, நடக்காது என்று கையை விரித்துவிட்டார்கள். அவர் தன் சேமிப்பில் பாதியை எடுத்துச் செலவழித்து, டன் கணக்கில் கிழங்கு சேர்த்து வெட்டிக் காயவைத்து, மூன்று கிலோ புரொஜெஸ்டிரோன் தயாரித்தார். பிறகு மெக்சிகோ நகரில் ஹார்மோன் மருந்து விற்றுக்கொண்டிருந்த எமெரிக் சோம்லோ, ஃபெடெரிகோ லேமன் என்ற இருவரோடு சேர்ந்து 1944இல் ஒரு கம்பெனி தொடங்கினார். சிந்தெசிஸ், மெக்சிகோ இரண்டையும் சேர்த்து அதற்குச் சின்டெக்ஸ் என்று பெயர் வைத்தார்கள். இந்தச் சரித்திரத்தில் மெக்சிகோவின் பெயர் ஒட்டிக்கொண்டிருக்கும் ஓர் இடம் அது.

பங்கு, பணம் என்று தகராறு வந்து அடுத்த ஆண்டே மார்க்கர் வெளியேறினார். அவர் போன பிறகுதான் சிக்கல் தெரிந்தது. வேதிப்பொருட்களின் புட்டிகளில் பெயர் எழுதாமல் தனக்கு மட்டும் புரியும் குறிகளை எழுதி வைத்திருந்தார். ஹவானாவிலிருந்து வரவழைக்கப்பட்ட ஹங்கேரிக்காரர் ஜார்ஜ் ரோசன்கிரான்ஸ் ஒவ்வொரு படியையும் திரும்ப முதலிலிருந்து கட்டியெழுப்ப வேண்டியிருந்தது. மருந்துக் கடையில் நிற்கிற எனக்கு, பெயரில்லாத புட்டி வரிசையை நினைத்தாலே வயிற்றைக் கலக்குகிறது. அவரும் அவருடைய ஆட்களும் அதைச் சாதித்தார்கள். சில ஆண்டுகளில் புரொஜெஸ்டிரோன் விலை சரசரவென்று இறங்கியது.

ஆனாலும் அன்றைக்குப் புரொஜெஸ்டிரோனை வாயால் விழுங்கிப் பயனில்லை. எண்ணெயில் கலந்து ஊசியாகத்தான் போட வேண்டியிருந்தது. 1938இல் பெர்லினில் ஷெரிங் கம்பெனியார் செய்த எதிஸ்டிரோன் விழுங்கினால் வேலை செய்தது, ஆனால் வீரியம் போதாது. அதிலிருந்து அந்த 19ஆம் கார்பனைக் கழித்தால் என்ன ஆகும் என்று சின்டெக்ஸில் யோசித்தார்கள். ஆய்வுக்குத் தலைமை தாங்கியவர் வியன்னாவில் பிறந்த கார்ல் ஜெராசி. கையால் செய்தவர் தெபிக் என்ற ஊரில் பிறந்த லூயிஸ் மிராமோன்டெஸ்; அப்போது அவருக்கு 26 வயது, பட்டப்படிப்பே முடியவில்லை. 1951 அக்டோபர் 15ஆம் தேதியிட்ட அவருடைய ஆய்வுக் குறிப்பேட்டில் அந்தக் கடைசிப் படி பதிவாகியிருக்கிறது. ரோசன்கிரான்ஸ், ஜெராசியோடு அவர் பெயரும் காப்புரிமையில் உண்டு. இருந்தும், மாத்திரையின் கதையைச் சொல்ல வருகிறவர்கள் ஜெராசியோடு நிறுத்திவிடுகிறார்கள். அது எனக்கு ஆறவே ஆறாது. கூட்டியதும் கழித்ததும் அந்தப் பையனின் கை.

அன்றைக்குக் கருத்தடை யார் மனசிலும் முதலில் இல்லை. மாதவிடாய்க் கோளாறு, கரு தங்காமை இவற்றுக்கு விழுங்கும் மருந்து வேண்டும் என்றுதான் தேடினார்கள். 1957இல் அமெரிக்காவில் நார்லுட்டின் என்ற பெயரில் அது கடைக்கு வந்தபோதும் மாதவிடாய்க் கோளாறுக்கான மருந்தாகவே வந்தது. விற்ற கம்பெனி, மார்க்கரைத் திருப்பி அனுப்பிய அதே பார்க்-டேவிஸ். கருத்தடை மாத்திரையில் இது சேர்ந்தது 1960களில்தான். தீட்டை நாலு நாள் தள்ளிப்போடவும், நிற்காத உதிரப்போக்கை நிறுத்தவும் எங்கள் ஊர் டாக்டர்கள் எழுதுவது அந்தப் பழைய உபயோகத்துக்குத்தான் பக்கம்.

கிழங்குக்கு வருகிறேன். கபேசா தெ நெக்ரோவைவிட ஐந்து மடங்கு டயோஸ்ஜெனின் தரும் இன்னொரு காட்டுக் கிழங்கு சீக்கிரமே கிடைத்தது. அதன் பெயர் பார்பாஸ்கோ. ஓடையில் நசுக்கிப் போட்டால் மீன் மயங்கி மிதக்கும் செடிகளுக்கு அந்த ஊரில் பொதுவாகச் சொல்லும் பெயர் அது. கிழங்கில் இருக்கும் சாப்போனின்தான் மீனை மயக்குவது. தண்ணீரில் நுரைப்பதும் அதுவே. வெராகுரூஸ், வஹாகா, தபாஸ்கோ, சியாப்பாஸ் மாநிலங்களின் ஈரக் காடுகளில் நிலமில்லாத பல்லாயிரம் குடும்பங்கள் இதைத் தோண்டிப் பிழைத்தன. இதய வடிவ இலையுள்ள கொடியைத் தேடிப் பிடித்து, வேரோடு போய், வெட்டுக்கத்தியால் மண்ணைக் கிளறிக் கிழங்கை எடுக்க வேண்டும். அதை முதுகில் சுமந்து சாலைக்குக் கொண்டுவர வேண்டும். இடைத்தரகர் எடை போட்டுக் கிலோவுக்குச் சில சென்டாவோ கொடுப்பார். பிறகு அதை நறுக்கி அரைத்து, தொட்டியில் ஊறப்போட்டுப் புளிக்கவிட்டு, சிமென்ட் களத்தில் பரப்பிக் காயவைத்தால் மாவாகும். மாவு மூட்டை தொழிற்சாலைக்குப் போகும்.

இது எதற்கு என்று தோண்டியவர்களுக்கு யாரும் சொல்லவில்லை. நுரைக்கிறதைப் பார்த்து, சோப்பு செய்யத்தான் வாங்குகிறார்கள் என்று பலர் நினைத்திருந்தார்கள். வரலாற்றாசிரியர் கேப்ரியேலா சோட்டோ லாவேகா அந்தக் கிராமங்களுக்கே போய் வயதானவர்களிடம் பேசி எழுதியதால்தான் இது நமக்குத் தெரிகிறது. உலகத்துப் பெண்களின் உடம்பை மாற்றிய ஒரு மருந்தின் முதல் கூலிக்காரர்களுக்கு அந்த மருந்தின் பெயர்கூடப் போய்ச் சேரவில்லை.

1975இல் மெக்சிகோ அதிபர் லூயிஸ் எச்செவெரியா ப்ரோகிவெமெக்ஸ் என்ற அரசு நிறுவனத்தை ஏற்படுத்தினார். கிழங்கை அரசு வாங்கிக் கம்பெனிகளுக்கு விற்கும், தோண்டுகிறவருக்குக் கூடுதல் விலை கிடைக்கும் என்பது திட்டம். அதோடு, கிராமத்தாருக்கு வேதியியலும் சொல்லிக்கொடுத்தார்கள். எழுத்து வாசனையே இல்லாதவர்கள்கூட டயோஸ்ஜெனின், ஹார்மோன் என்று பேசக் கற்றுக்கொண்டார்கள். தங்கள் மாவில் டயோஸ்ஜெனின் எத்தனை சதவீதம் என்று கேட்டு அதற்கேற்ற விலையைப் பேசும் நிலைக்கு வந்தார்கள்.

அதற்குள் நேரம் கடந்துவிட்டது. சோயா எண்ணெய்க் கழிவிலுள்ள ஸ்டிரால்களைக் கொண்டும், நுண்ணுயிரிகளைக் கொண்டும், முழுக்க ரசாயன முறையிலும் ஸ்டீராய்டு செய்யக் கம்பெனிகள் கற்றுக்கொண்டன. விலை ஏறிய பார்பாஸ்கோவை விட்டு ஒவ்வொன்றாக விலகிப் போயின. கிழங்குக் காடுகள் பல மாட்டு மேய்ச்சலுக்கும் கரும்புக்கும் அழிக்கப்பட்டன. 1980களின் முடிவில் ப்ரோகிவெமெக்ஸும் மூடப்பட்டது. வாங்க ஆளில்லாததால் களங்களில் மாவு காயவைப்பதும் நின்றது.